கொடையாளியின் கணக்கு

யாழ்ப்பாணத்தை ஒட்டிய எங்கள் தீவுகளில் ஒரு வியாபாரி கண்ணை மூடினால் முப்பத்தொராம் நாளுக்குள் அவருக்கு ஒரு புத்தகம் வந்துவிடும். கல்வெட்டு என்பார்கள், நினைவு மலர் என்பார்கள். முன்பக்கத்தில் சால்வை போர்த்திய படம், உள்ளே தேவாரம், வம்சாவளி, பிறகு வாழ்க்கை. அந்த வாழ்க்கை எல்லாப் புத்தகத்திலும் ஏறத்தாழ ஒரே வழியில்தான் நடக்கிறது. ஏழ்மையில் பிறப்பு, பத்துப் பன்னிரண்டு வயதில் தென்னிலங்கையில் யாரோ உறவினரின் கடைக்குப் புறப்பாடு, கல்லாவுக்குக் கீழே சாக்கு விரித்துப் படுத்த இரவுகள், பங்காளி, பின்னர் முதலாளி, ஊரில் கல்வீடு, கோயிலில் ஒரு திருவிழா உபயம், பள்ளிக்கூடத்துக்கு ஒரு மண்டபம். அதற்கு அடுத்த பந்தியில் அவர் கிராமச் சங்கத் தலைவராக இருப்பார். ஊர் மக்கள் வேண்டிக் கொண்டதாகவும் அவர் இணங்கியதாகவும் ஒரு வரி இருக்கும். என்னை நெடுநாளாக உறுத்திக் கொண்டிருப்பது அந்த ஒரு வரிதான். கடையைப் பற்றி எவ்வளவோ எழுதுகிறார்கள். கதிரையைப் பற்றியும் எழுதுகிறார்கள். கடையிலிருந்து கதிரைக்கு அந்த மனிதர் எப்படி நடந்து போனார், போகும்போது எதைக் கையில் எடுத்துப் போனார், எதைக் கல்லாவிலேயே விட்டுவிட்டுப் போனார் என்பதை மட்டும் எவரும் எழுதுவதில்லை. எழுத வேண்டிய விஷயமாக அது யாருக்கும் படுவதும் இல்லை.

படாததற்கு நிலமே ஒரு காரணம். ஊர்காவற்றுறையிலிருந்து வேலணை, புங்குடுதீவு, நயினாதீவு, நெடுந்தீவு வரை எங்கே தோண்டினாலும் கொஞ்சத் தூரத்தில் முருகைக்கல் தட்டுப்படும். அதற்குக் கீழே நன்னீர் மெல்லிய படையாக உவர்நீரின் மேல் மிதந்து கொண்டிருக்கும். கூட இறைத்தால் உப்புக் கரிக்கும். வேலணைச் சாட்டியின் கிணறுகளுக்கு இருக்கிற மதிப்பைத் தண்ணீர்த் தட்டுப்பாடு தெரியாத ஊர்க்காரர்களுக்கு விளங்கப்படுத்துவது கஷ்டம். பனையும் கடலும் வயிற்றை நிரப்பின, கையில் காசு தரவில்லை. காசு எப்போதும் வெளியிலிருந்துதான் வந்தது. கொழும்பிலிருந்து, தெற்கின் சின்னச் சின்னச் சந்திக் கடைகளிலிருந்து, ஒரு காலத்தில் மலாயாவிலிருந்து. இப்போது ரொறன்ரோவிலிருந்தும் பாரிசிலிருந்தும் வருகிறது. வெளியில் உழைத்து ஊருக்கு அனுப்புகிறவன் வரி கட்டுகிறவனைப் போல இல்லை. வரி கட்டுகிறவன் கேள்வி கேட்பான். அனுப்புகிறவனை ஊர் கும்பிடும். உள்ளூரில் விளையாத பணத்துக்கு உள்ளூரில் சொந்தக்காரர் இல்லாததால், அதைக் கொண்டு வந்தவரின் சொல்லே அதற்குச் சட்டமாகிவிடுகிறது. அவர் மண்டபம் கட்ட நினைத்தால் மண்டபம் எழும். ஊருக்குத் தேவை கிணறாக இருக்கலாம். தருகிறவரிடம் அதை எப்படிச் சொல்வது?

வணிகர் ஆள்வது இந்தத் தீவுகளுக்குப் புதிதும் அல்ல. 1658 முதல் 1795 வரை யாழ்ப்பாணத்தை ஆண்ட ஒல்லாந்தர், அரசனின் படையாக வந்தவர்கள் அல்லர். பங்குதாரர்களுக்கு இலாபம் பிரித்துக் கொடுக்க வேண்டியிருந்த ஒரு கம்பனியின் ஊழியர்கள். தங்கள் நகரங்களின் பெயர்களை எடுத்து வந்து தீவுகளின் தலையில் சூட்டினார்கள். ஊர்காவற்றுறைத் தீவு லைடன், காரைதீவு அம்ஸ்ரடாம், புங்குடுதீவு மிடில்பேர்க், நயினாதீவு ஹார்லெம், அனலைதீவு றொட்டர்டாம். மற்றவை உதிர்ந்து போக, நெடுந்தீவில் மட்டும் டெல்ஃப்ற் ஒட்டிக் கொண்டது. தீவுகளின் மண்ணில் தோண்டிய சாயவேர் அவர்களுடைய ஏகபோகம். வன்னிக் காட்டில் பிடித்த யானைகள் கப்பலேறியது ஊர்காவற்றுறையில். துறையின் வாயிலில் கடலுக்கு நடுவே நிற்கும் கடற்கோட்டை இன்றும் அந்தக் கம்பனியின் கல்லாப்பெட்டியைப் போலத்தான் எனக்குத் தெரிகிறது. ஆனால் அந்தக் கம்பனியிடம் ஒரு நேர்மை இருந்தது என்று சொல்லத் தோன்றுகிறது. கொடுமைக்குள் இருந்த ஒரு விநோதமான நேர்மை. அது தன்னைக் கொடையாளி என்று சொல்லிக் கொள்ளவில்லை. எத்தனை யானை, எவ்வளவு வேர், என்ன விலை என்று தாள்தாளாக எழுதி வைத்தது. எடுத்ததையெல்லாம் எண்ணியது. நம்முடையவர்கள் ஆளத் தொடங்கிய பிறகு வந்தது கொடை. கொடை வந்ததும் எண்ணுவது மரியாதைக் குறைவாகிவிட்டது.

கொடையின் பெயர் மற்றவர் உடம்பில் எவ்வளவு ஆழமாகப் பதியும் என்பதற்கு ஊர்காவற்றுறைத் தொகுதியின் முதல் பிரதிநிதியே சாட்சி. 1931 இல் யாழ்ப்பாண இளைஞர் காங்கிரஸின் தேர்தல் பகிஷ்கரிப்பால் வடக்கின் நான்கு தொகுதிகள் அன்றைய சட்டமன்றமான அரசாங்க சபையில் வெறுமையாகக் கிடந்தன. 1934 இல் இடைத்தேர்தல் நடந்தபோது ஊர்காவற்றுறையில் தெரிவானவர் நெவின்ஸ் செல்வதுரை, யாழ்ப்பாணம் இந்துக் கல்லூரியின் தலைமையாசிரியராக இருந்தவர். இந்துக் கல்லூரித் தலைமையாசிரியருக்கு நெவின்ஸ் எங்கிருந்து வந்தது? தகப்பனாரிடமிருந்து. தகப்பனார் சிதம்பரப்பிள்ளை வட்டுக்கோட்டை செமினரியில் படித்தவர், பின்னாளில் ‘நியாய இலக்கணம்’ எழுதியவர். அந்தச் செமினரியை நடத்திய அமெரிக்க மிசனின் பிள்ளைகளுக்கு, கடல் கடந்து பணம் அனுப்பியவர்களின் பெயரையோ அவர்கள் மதித்தவர்களின் பெயரையோ சூட்டுவது வழக்கமாக இருந்தது. அப்படித்தான் அவர் வில்லியம் நெவின்ஸ் ஆனார். நியூ இங்கிலாந்துப் பக்கத்தில் எங்கோ ஒரு வீட்டிலிருந்து புறப்பட்ட நன்கொடை, வட்டுக்கோட்டையில் ஒரு பையனின் பெயராக மாறி, அடுத்த தலைமுறையில் எங்கள் தொகுதியின் வாக்குச்சீட்டு வரை வந்து சேர்ந்தது. மதம் உதிர்ந்தது, பணம் செலவாகி முடிந்தது, பெயர் மட்டும் நின்றது. கொடுத்தவர்கள் இதை எதிர்பார்த்திருக்க மாட்டார்கள். வாங்கியவர்களும் இதை மறுக்கவில்லை.

செல்வதுரைக்குப் பிறகு 1936 இல் வேலணையின் வைத்திலிங்கம் துரைசுவாமி, வழக்கறிஞர். 1947 வரை அரசாங்க சபையின் சபாநாயகராகவே இருந்தார். ஆசிரியர் ஒருவர், சட்டம் படித்தவர் ஒருவர். மூன்றாமவர் வியாபாரி. அல்பிரட் தம்பிஐயா. கொழும்புத் துறைமுகத்தில் கார்கோ போட் டெஸ்பாட்ச் கம்பனியை நடத்தியவர். 1947 பொதுத் தேர்தலில் யாழ்ப்பாணக் குடாநாட்டின் மற்ற ஆறு தொகுதிகளும் ஜீ. ஜீ. பொன்னம்பலத்தின் தமிழ்க் காங்கிரஸுக்குப் போக, ஊர்காவற்றுறை மட்டும் சுயேச்சையாக நின்ற இவரைத் தெரிந்தெடுத்தது. அலை என்று நாம் இன்று சொல்கிற ஒன்று ஊர் ஊராக அடித்துக் கொண்டு வந்து தீவுகளின் கரையில் நின்றுவிட்டது. ஏன் நின்றது என்று யோசிக்கும்போதெல்லாம் அந்தக் கல்வெட்டு வரிதான் ஞாபகத்துக்கு வருகிறது. கட்சிக்கு ஒரு கொள்கை இருந்தது, சபையில் பாதி ஆசனம் சிறுபான்மையினருக்கு என்ற ஐம்பதுக்கு ஐம்பது கணக்கும் இருந்தது. தீவு மக்களுக்குத் தெரிந்த அரசியல் வேறு. கொழும்பில் யாரிடம் போனால் பையனுக்கு ஒரு வேலை கிடைக்கும், யாருடைய பெயரைச் சொன்னால் ஒரு கதவு திறக்கும் என்பது அது. துறைமுகத்தில் ஒரு கம்பனி நடத்துகிற மனிதர் அந்த அரசியலில் கட்சியைவிடப் பெரியவர். இதை நான் இழிவாகச் சொல்லவில்லை. தண்ணீரும் வேலையும் இல்லாத இடத்தில் கொள்கையைவிடக் கதவு பெரிதாகத்தான் தெரியும்.

தம்பிஐயாவின் தொழிலைப் பற்றி யோசிப்பதில் எனக்கு ஒரு தனி ஈர்ப்பு. அந்தக் காலக் கொழும்பில் பெரும்பாலான கப்பல்கள் கரையைத் தொடுவதில்லை. அலைதடுப்புச் சுவருக்குள் நடுநீரில் நங்கூரமிட்டு நிற்கும். அரிசி மூட்டை, மா மூட்டை, சீனி மூட்டை எல்லாம் கப்பலின் வயிற்றிலிருந்து சங்கிலியில் தொங்கி, தட்டையான பாரப் படகுகளில் இறங்கும். படகுகளை இழுவைக் கப்பல் கரைக்கு இழுத்து வரும். சணல் தூசியும் கரிப்புகையும் கலந்த ஒரு மணம், வெறும் முதுகுகளில் ஒட்டிய மாப்பொடி, கூலிக் கூட்டத்தின் ஏலேலோ. அந்த முதுகுகளில் பெரும்பகுதி இந்தியாவிலிருந்து வந்தவர்களுடையவை. இந்த வேலையின் உயிர்நாடி வேறொரு ஆளிடம் இருந்தது. கப்பலின் வாயருகே புத்தகமும் பென்சிலுமாக ஒருவர் நின்று, இறங்கும் மூட்டைகளை ஒவ்வொன்றாகக் குறிப்பார். கரையில் இன்னொருவர் நின்று ஏறும் மூட்டைகளைக் குறிப்பார். இரண்டு புத்தகமும் ஒத்துப் போக வேண்டும். நடுவில் ஒரு மூட்டை குறைந்தால் படகுக்காரர் பதில் சொல்ல வேண்டும். படகில் இருக்கும் சரக்கு படகுக்காரருடையதல்ல என்பதை எல்லாரும் அறிந்திருந்தார்கள். படகுக்காரரே அதை முதலில் அறிந்திருந்தார்.

மக்கள் பிரதிநிதியின் வேலையை இதைவிடச் சரியாகச் சொல்ல எனக்கு வேறு உவமை கிடைக்கவில்லை. மற்றவர்களின் சரக்கை நடுக்கடலிலிருந்து கரைக்குக் கொண்டு வருவதுதான் அதுவும். ஆனால் அந்தப் படகில் எண்ணுகிறவர்களை நாம் ஏற்றியதே இல்லை. தம்பிஐயா உட்கார்ந்திருந்த பாராளுமன்றம்தான் 1948 இல் குடியுரிமைச் சட்டத்தை நிறைவேற்றி, மலையகத் தமிழர்களை நாடற்றவர்களாக்கியது. பொன்னம்பலம் அதே ஆண்டு அமைச்சரானார், காங்கிரஸ் உடைந்தது, 1949 இன் கடைசியில் தமிழரசுக் கட்சி பிறந்தது. இந்தக் கதையில் தலைவர்களின் பெயர்கள் திரும்பத் திரும்ப வருகின்றன. யார் காட்டிக் கொடுத்தார், யார் எதிர்த்தார் என்று எழுபது ஆண்டுகளுக்கு மேலாக வாதம் நடக்கிறது. ஒவ்வொரு தொகுதியும் தன் பிரதிநிதி அன்று என்ன செய்தார் என்று கேட்டிருந்தால் அந்த வாதம் வேறு விதமாக இருந்திருக்கும். நாம் பெரியவர்களைத் திட்டுவதில் காட்டும் ஊக்கத்தை நம்மவரை விசாரிப்பதில் காட்டுவதில்லை. தம்பிஐயா 1952 இல் மீண்டும் வென்றார். 1956 இல், சிங்களம் மட்டும் என்ற முழக்கம் நாட்டைப் பிடித்து ஆட்டிய தேர்தலில், தொகுதி தமிழரசுக் கட்சியின் வ. அ. கந்தையாவிடம் போனது. மொழி நெருப்பான பிறகு கதவு திறந்து விடுகிறவர் போதவில்லை. இரண்டு ஆண்டுகளில், 1958 இல், பண்டாரநாயக்க அரசு துறைமுகச் சரக்குக் கூட்டுத்தாபனத்தை உருவாக்கி, கொழும்புத் துறையின் ஏற்றியிறக்கும் தொழிலைத் தனியாரிடமிருந்து எடுத்துக் கொண்டது. தொகுதி போய், துறையும் போயிற்று. ஒரே மனிதரின் இரண்டு தொழில்களும் அடுத்தடுத்து அரசியலால் பறிபோன இந்த வரிசையில் ஏதோ நீதி இருப்பதாக ஒரு காலத்தில் நினைத்தேன். இப்போது அப்படித் தோன்றவில்லை. கணக்குக் கேட்டுப் பறித்தவை அல்ல அவை; காற்று மாறியதால் போனவை.

இது எங்கள் தீவின் நோய் மட்டும்தானா என்று பார்த்தால், உலகம் முழுக்க இதே வரலாறுதான். வில்லியம் ரஸ்ஸல் கிரேஸ் என்று ஒருவர். 1832 இல் அயர்லாந்தில் பிறந்து, இளவயதில் பெரு நாட்டின் கயாவோ துறைமுகத்துக்குப் போனவர். பெருவின் கடலில் சின்ச்சா என்று சில தீவுகள். பறவை எச்சம் மலையாகக் குவிந்து கிடக்கும் தீவுகள். அந்த எச்சம் அன்று ஐரோப்பாவின் வயல்களுக்குப் பொன்னான உரம். அதை ஏற்றிப் போகக் காத்து நின்ற கப்பல்களுக்குக் கயிறும் பாயும் உப்பிட்ட இறைச்சியும் விற்றுக் கிரேஸ் முன்னுக்கு வந்தார். தீவுகளில் எச்சத்தை வெட்டி மூச்சுத் திணறி மடிந்தவர்களில் பெரும்பகுதி சீனக் கூலிகள். பிறகு அவர் நியூயோர்க்குக்குப் போய்ப் பெரும் கப்பல் வணிகரானார். 1880 இன் தொடக்கத்தில் அயர்லாந்தின் பஞ்சத்துக்கு நிவாரணப் பொருள் ஏற்றிச் சென்ற கொன்ஸ்ரலேஷன் கப்பலின் சரக்கில் கால் பங்கைத் தந்தார். அதே ஆண்டு நவம்பரில் நியூயோர்க்கின் மேயராகத் தெரிவானார், அந்நகரின் முதல் கத்தோலிக்க மேயர். 1884 இல் மீண்டும் வென்றார். கொடைக்கும் பதவிக்கும் நடுவில் எட்டு ஒன்பது மாதம். வாக்குக்காகத்தான் கொடுத்தார் என்று நான் சொல்லமாட்டேன், பசித்தவன் ஊரில் பிறந்தவர் அவர். ஆனால் பசித்த அயர்லாந்துக்காரனுக்குக் கொடுத்தது கணக்கில் ஏறியது. சின்ச்சாவில் உழைத்து மடிந்த சீனனிடமிருந்து எடுத்தது ஏறவில்லை. கொடையாளியின் கணக்கு எப்போதும் ஒருபக்கக் கணக்கு. கொடுத்தது கல்லில் இருக்கும். எங்கிருந்து கொடுத்தார் என்பது எங்கும் இருக்காது.

இப்படி எழுதிக்கொண்டே போகும்போது நான் அநியாயம் செய்கிறேனோ என்றும் ஒரு சந்தேகம் வருகிறது. தென்னிலங்கையின் சந்திகளில் கடன்கொப்பியை வைத்துக்கொண்டு பாணும் பருப்பும் விற்றவர்கள் இல்லையென்றால் எங்கள் தீவுகளில் இத்தனை பள்ளிக்கூடங்கள் ஏது? 1958 இலும் 1977 இலும் 1983 இலும் அந்தக் கடைகள்தான் எரிந்தன. எரிந்த கடையின் முதலாளி ஊருக்கு வந்து, இரண்டு வருடத்தில் திரும்பப் போய், மறுபடி கல்லாவில் உட்கார்ந்து, அடுத்த திருவிழாவுக்கு உபயம் அனுப்பினார். அப்படிப்பட்ட மனிதரிடம் கணக்குக் கேட்க எவருக்கு வாய் வரும்? அரசாங்கம் தர வேண்டியதை அரசாங்கம் தராதபோது அவர்தான் தந்தார். இது முழு உண்மை. இதற்குப் பக்கத்தில் இன்னொரு உண்மையும் நிற்கிறது. வேலணையையும் புங்குடுதீவையும் பிரித்த ஆழம் குறைந்த கடலின் மேல் இன்று போகும் பாதைக்கு வாணர் தாம்போதி என்று பெயர். பெரிய வாணர், சின்ன வாணர் என்று ஊர் அழைத்த புங்குடுதீவின் இரு அம்பலவாணர்களின் பெயர் அது. அந்தப் பெயரை அவர்கள் பணத்தால் பெறவில்லை. தாம்போதி தாருங்கள் என்று கேட்டு அலைந்து பெற்றார்கள். ஊருக்கு உரியதை உரியவரிடம் கேட்பது அவர்கள் தொழிலாக இருந்தது. தானே கட்டித் தருகிறவரை நான் மதிக்கிறேன். அரசைக் கட்ட வைக்கிறவரையே பிரதிநிதி என்று சொல்ல விரும்புகிறேன். முதலாமவர் தந்ததற்குத் தானே எசமான். இரண்டாமவர் கேட்டு வாங்கியதற்கு ஊர்தான் எசமான்.

நயினாதீவை மணிபல்லவம் என்று பலர் சொல்வார்கள். ஆராய்ச்சிக்காரர்கள் சண்டை பிடிக்கட்டும். மணிமேகலையின் அந்தத் தீவில் நடக்கும் ஒரு சின்னச் சம்பவம் எனக்குப் போதும். எடுக்க எடுக்கக் குறையாத அமுதசுரபி ஆபுத்திரனிடம் இருக்கிறது. மழை பெய்து நாடு செழித்ததும் அவனிடம் வாங்க ஆளில்லை. பசித்தவர் இருக்கும் நாட்டைத் தேடிக் கப்பலேறுகிறான். வழியில் மணிபல்லவத்தில் இறங்குகிறான். அவன் ஏறிவிட்டான் என்று எண்ணிக் கப்பல் போய்விடுகிறது. ஆளில்லாத தீவில், ஆயிரம் பேருக்குச் சோறு போடும் பாத்திரத்தோடு அவன் தனியே நிற்கிறான். தனக்கு மட்டும் சோறு எடுத்து உண்ண மனம் வராமல், பாத்திரத்தைக் கோமுகிப் பொய்கையில் விட்டுவிட்டு உண்ணாமல் உயிர் விடுகிறான். கொடையைப் பற்றித் தமிழில் இதைவிடக் கடுமையாக எவரும் சொல்லியதாக நான் அறியேன். வாங்குகிறவர் இல்லாமல் கொடுக்கிறவர் இல்லை என்பதை அவன் அறிந்திருந்தான். நமது தலைவர்கள் அறியவில்லை. 1990 ஓகஸ்டில் இராணுவம் ஊர்காவற்றுறைத் தீவில் இறங்கியது. அதைத் தொடர்ந்து தீவுகளின் பெரும்பகுதி சனமற்றுப் போனது. வீட்டுச் சுவர்களுக்குள் கற்றாழையும் நாயுருவியும் வளர்ந்தன. நான்கு ஆண்டு கழித்து, 1994 பொதுத் தேர்தலில், யாழ்ப்பாண மாவட்டத்தில் வாக்களித்தவர்கள் நூற்றுக்கு மூன்று பேரும் இல்லை. வாக்களித்தவர்களில் பெரும்பகுதி படையினரின் கட்டுப்பாட்டிலிருந்த தீவுப்பகுதியினர். சுயேச்சைக் குழுவாக நின்ற ஈழ மக்கள் ஜனநாயகக் கட்சி (ஈ.பி.டி.பி.) 10,744 வாக்குகளோடு ஒன்பது ஆசனங்களைப் பெற்றது. சனம் போன தீவிலிருந்து ஒரு மாவட்டத்தின் ஏறத்தாழ முழுப் பிரதிநிதித்துவமும் எழுந்தது. அமுதசுரபியைப் பொய்கையில் விட அன்று எவரும் முன்வரவில்லை.

இன்று கதை வேறு உடையில் திரும்பியிருக்கிறது. தீவுகளில் வீடு பத்து என்றால் திறந்திருப்பது எத்தனை என்று சொல்ல முடியாத ஒழுங்கைகள் இருக்கின்றன. ஆனால் கோபுரங்கள் உயர்கின்றன, மண்டபங்களுக்கு மாபிள் பதிக்கிறார்கள், புலம்பெயர்ந்த ஊர்ச் சங்கங்கள் பள்ளிக்கூட மதிலுக்குப் பணம் அனுப்புகின்றன. நயினாதீவில் திருவிழாக் காலத்தில் ஆயிரக்கணக்கானோர் அமுதசுரபி மண்டபத்தில் பந்தியில் இருந்து சாப்பிடுகிறார்கள். வள்ளம் வள்ளமாக வந்து, கைகழுவி, அடுத்த வள்ளத்தில் போய்விடுகிற பந்தி. திறப்பு விழாவில் நாடா வெட்ட வருகிறவர்களில் நேற்று வெளிநாட்டில் கடை வைத்திருந்தவரும் இருக்கிறார், நாளை பிரதேச சபைக்குக் கேட்கப் போகிறவரும் இருக்கிறார், பல சமயம் இருவரும் ஒருவரே. பல இடங்களுக்குத் தண்ணீர் இன்னமும் பவுசரில்தான் வருகிறது. குறிகட்டுவான் இறங்குதுறையில் நெடுந்தீவுப் படகுக்குக் காத்து நிற்கும் கிழவிக்கு, வெயிலுக்கு ஒதுங்க நிழல் யார் உபயம் என்று பலகையைப் பார்த்துத் தெரிந்துகொள்ள முடியும். அவளுடைய படகு ஏன் பிந்துகிறது என்று எந்தப் பலகையிலும் எழுதியிருக்காது. அதை எழுத வேண்டியவர் பிரதேச சபையிலும் பாராளுமன்றத்திலும் இருப்பவர்.

என் முடிவு இவ்வளவுதான். கொடுத்தவரிடம் கணக்குக் கேட்கக் கூடாது என்பது நம் ஊரின் நாகரிகம். அது நல்ல நாகரிகம், இருக்கட்டும். ஆனால் வாக்குக் கேட்டு வந்த நிமிடத்தில் அவர் கொடுத்தவர் என்ற வரிசையை விட்டு வாங்கியவர் என்ற வரிசைக்கு வந்துவிடுகிறார். முன்பு எத்தனை மண்டபம் கட்டியிருந்தாலும் சரி, வாக்கு நாம் அவருக்குக் கொடுத்த கடன். கடன்கொப்பியை வைத்தே வாழ்க்கையைத் தொடங்கிய சமூகத்துக்கு இதைச் சொல்லித் தர வேண்டியதில்லை. அடுத்த தடவை உங்கள் ஊர் முதலாளி வாக்குக் கேட்டு வாசலுக்கு வந்தால், முன்பு தந்ததற்கு நன்றி சொல்லுங்கள், கதிரை போடுங்கள், தேத்தண்ணீர் கொடுங்கள். பிறகு கொப்பியைத் திறந்து அவர் பெயரை எழுதுங்கள்.